மரகதமும் முயிறும்: ஓர் எறும்பின் பெயர் வரலாறு

பெங்களூரின் கிழக்கே உள்ள வைட்ஃபீல்டின் பெயரைச் சொல்லுக்குச் சொல் பெயர்த்தால் ‘வெள்ளை வயல்’ என்றாகும். ஆயின் அப்பெயர் வயலால் வந்ததன்று. 1882-இல் மைசூர் அரசர் வழங்கிய நிலத்தில் அமைந்த ஆங்கிலோ-இந்தியர் குடியேற்றத்துக்கு முன்னின்ற டி. எஸ். வைட் என்பாரின் பெயரே ஊர்ப்பெயராயிற்று. பெயரின் பொருள் வேறு. அது சுட்டும் பொருள் வேறு. பூச்சிகளின் அறிவியற்பெயர்களும் இவ்வாறே இயங்குகின்றன.

மாமர இலைகளைத் தன் புழுக்கள் சுரக்கும் இழையால் பிணைத்துக் கூடமைக்கும் செவ்வெறும்பு இதற்கு நற்சான்று.

விலங்குகளின் அறிவியற்பெயரீட்டுக்கு 1758-இல் வெளிவந்த லின்னேயஸின் நூற்பதிப்பே தொடக்கம். அவர் பூச்சிகளைச் சிறகுகளைக் கொண்டு வகுத்தார். அவருடைய மாணவர் ஃபப்ரீசியஸ் வாயுறுப்புகளைக் கொண்டு வகுத்தார். 1775-இல் இந்திய எறும்பு ஒன்றுக்கு ஃபப்ரீசியஸ் ‘ஃபார்மிகா ஸ்மராக்டினா’ எனப் பெயரிட்டார். மரகத நிறமுடைய எறும்பு என்பது பொருள். ‘ஸ்மராக்டினா’வின் வேர்ச்சொல்லும் நம் ‘மரகத’மும் உறவுடையன. நம் மரங்களில் ஊரும் வேலைக்கார எறும்புகளோ செந்நிறத்தன. பசுமை இராணிக்கே உரியது. அவர் விவரித்தது இராணியை. ஓர் உறுப்பினரின் நிறம் இனம் முழுமைக்கும் பெயராயிற்று.

1860-இல் ஃபிரெடரிக் ஸ்மித் இவ்வெறும்புக்கென ‘ஈகோஃபில்லா’ என்னும் பேரினத்தை வகுத்தார். வீடு, இலை எனப் பொருள்படும் கிரேக்கச் சொற்களின் சேர்க்கை அது. பேரினம் மாறியும் ‘ஸ்மராக்டினா’ மாறவில்லை. வகைப்பாடு திருத்தப்படினும் முந்திய சிற்றினப்பெயர் நிலைக்கும் என்பதே விதி. இனம் வேறு பேரினத்துக்கு மாற்றப்பட்டதை உணர்த்தவே ஃபப்ரீசியஸின் பெயரும் ஆண்டும் இன்று அடைப்புக்குறிக்குள் எழுதப்படுகின்றன.

இலையே வீடு என்னும் செய்தி தமிழுக்குப் புதிதன்று. நற்றிணையின் 180-ஆம் பாடலில் பாகல் மரத்து முயிற்றுக் கூட்டை நாரை உரசுகிறது. எறும்புகளும் முட்டைகளும் செந்நெல்லும் வெள்ளரிசியும் கலந்தாற்போலச் சிதறுகின்றன. எறும்பின் நிறம், கூடு, முட்டை ஆகிய மூன்றும் ஓர் உவமைக்குள் அடங்கிவிட்டன.

அம்முயிறு சிற்றூர் வழக்கில் ‘முசுறு’ என இன்றும் வாழ்கிறது. எனினும் ஆங்கிலத்தை ஒட்டி ‘நெசவாளர் எறும்பு’ என எழுதுவது பெருகிவருகிறது. உலக ஆய்வாளர் அனைவரும் ஒரே உயிரைப் பற்றியே பேசுகின்றனர் என்பதற்கு அறிவியற்பெயர் உறுதியளிக்கும். அப்பணிக்கு மொழிபெயர்ப்பு உதவாது. தமிழுக்குள் பேசுவதற்கோ முயிறு என்னும் சொல் முன்னரே உள்ளது. இருக்கும் சொல்லை மறந்து புதுச்சொல் ஆக்கும்போது, அச்சொல்லோடு வந்த பழைய கூர்நோக்கும் கைநழுவிப் போகிறது.