பத்திரத்தில் அடங்கிய பாட்டு

தைப்பிங்கைச் சூழ்ந்த தமிழ்ப்பள்ளிகளில் பாரதி விழா நடைபெறும்போது, மாணவர் பாடும் பாட்டுக்கு எவரிடமும் இசைவு பெற வேண்டுவதில்லை. இஃது இயல்பாகவே அமைந்த உரிமை என்று இளைய ஆசிரியர் பலர் எண்ணுவர். அன்று. 1949ஆம் ஆண்டு வரை பாரதியாரின் பாடல்கள் தனியாரின் சொத்தாக இருந்தன. இசைக்கும் திரைப்படத்துக்கும் உரிய உரிமைகளை ஆராய்வதையே தொழிலாகக் கொண்ட வழக்கறிஞர்கள் இன்று கோலாலம்பூரிலும் சென்னையிலும் உள்ளனர். அவர்கள் அன்றாடம் கையாளும் சிக்கல்கள் பலவும் தமிழில் முதன்முதல் பெரிதாக எழுந்தது பாரதியின் பாட்டிலேதான்.

தம் எழுத்து விலைபோகும் பொருள் என்பதைப் பாரதியார் அறியாதவர் அல்லர். 1920இல் தம் படைப்புகளை 40 நூல்களாகப் பகுத்து, நூலொன்றுக்குப் பதினாயிரம் படிகளாக அச்சிட்டுப் பரப்ப அவர் திட்டம் வகுத்தார். மண்ணெண்ணெயும் தீப்பெட்டியும் போலத் தம் நூல்கள் வீடுதோறும் செல்ல வேண்டும் என்பது அவர் அவா. பணம் உதவுவார் இல்லை. மறு ஆண்டு செப்டம்பரில் அவர் மறைந்தார்.

அக்காலத்துச் சட்டம் யாது? 1911ஆம் ஆண்டின் பிரிட்டிஷ் பதிப்புரிமைச் சட்டத்தைச் சிற்சில மாற்றங்களுடன் இந்தியா 1914இல் மேற்கொண்டது. ஆசிரியரின் வாழ்நாளும், அவர் மறைவுக்குப் பின் 50 ஆண்டும் உரிமை நிலைக்கும் என்பது அதன் விதி. அதில் நல்லதொரு பாதுகாப்பும் இருந்தது. வறுமையால் ஆசிரியர் தம் உரிமையை விற்றிருப்பினும், அவர் இறந்து 25 ஆண்டு கடந்தபின் அது வாரிசுகளிடமே திரும்பும். ஆனால் வாரிசே விற்றுவிட்டால்? அதற்கு அச்சட்டத்தில் மருந்து இல்லை. பாரதி குடும்பத்துக்கு நேர்ந்தது இதுவே.

கணவர் மறைந்த மறு ஆண்டிலேயே செல்லம்மாள் பாரதி ஆசிரமம் என்ற பெயரில் ‘சுதேச கீதங்கள்’ நூலை இரு பகுதிகளாக வெளியிட்டார். கைம்பெண் ஒருவர் அக்காலத்தில் பதிப்பகம் நடத்த முற்பட்டது சிறிய துணிவன்று. எனினும் அது நீடிக்கவில்லை. பின்னர்ப் பாரதியின் தம்பி சி. விசுவநாதன் முதலியோர் பாரதி பிரசுராலயத்தைத் தொடங்கினர். 1931இல் 4,000 ரூபாய்க்கு உரிமை அந்நிறுவனத்தின் கைக்கு மாறியது. நாளடைவில் விசுவநாதன் ஒருவரே உடையவரானார். அவரைப் பழிப்பது முறையாகாது. மானாமதுரையில் ஆசிரியராயிருந்த அவர், சிதறிக் கிடந்த எழுத்துகளைத் தேடித் தொகுத்து அச்சேற்றப் பல்லாண்டு உழைத்தவர்.

அச்சுரிமை ஒருபுறம் இருக்க, பாட்டுக்குள் வேறு சொத்துகளும் மறைந்திருப்பதைக் காலம் காட்டியது. இசைத்தட்டும் வானொலியும் வந்தன. பாடலை ஒலிவடிவில் பயன்படுத்தும் உரிமையை 1934இல் விசுவநாதன் சென்னையில் நகை வணிகம் நடத்திய ஜேசிங்லால் மேத்தா என்பவருக்கு விற்றார். ஏடு ஒருவரிடம், ஒலி மற்றொருவரிடம்! பாட்டு ஒன்றே, பத்திரங்கள் இரண்டு. 1946இல் அவ்வொலியுரிமையை ஏ. வி. மெய்யப்பச் செட்டியார் பன்மடங்கு விலைக்கு வாங்கினார். மறு ஆண்டு வெளிவந்த அவருடைய ‘நாம் இருவர்’ படத்தில் டி. கே. பட்டம்மாள் பாடிய பாரதி பாடல்கள் பட்டிதொட்டியெல்லாம் முழங்கின. நகை வணிகர் பேழையில் உறங்கிய உரிமையின் மதிப்பைத் திரைத்தொழில் உணர்த்திவிட்டது.

வழக்கு வந்ததும் இதனாலேதான். டி. கே. எஸ். சகோதரர்களின் ‘பில்ஹணன்’ 1948இல் வெளிவந்தது. அதில் கண்ணன் பாட்டுப் பகுதியின் பாடல் ஒன்றை மெய்யப்பரின் இசைவு பெறாமலே சேர்த்திருந்தனர். உரிமை மீறப்பட்டதென மெய்யப்பர் சட்டத்தை நாடினார். பத்திரம் அவர் பக்கம் இருந்தது. ஆனால் டி. கே. சண்முகம் எழுப்பிய வினா பத்திரத்தைப் பற்றியதன்று: நாட்டுக்காகப் பாடிய கவிஞனின் பாட்டை ஒருவர் முடக்கலாமா என்பது. முந்திய ஆண்டு எட்டயபுரத்தில் பாரதி மணிமண்டபம் திறக்கப்பட்டபோதே ஜீவா இக்கோரிக்கையை எழுப்பியிருந்தார். நாரண துரைக்கண்ணன் தலைமையில் எழுத்தாளர் ஒன்றுகூடிச் செல்லம்மாளைக் கண்டு அவர் இசைவையும் எழுத்தில் பெற்றனர். சட்டப்படி அக்கையெழுத்துக்கு மதிப்பில்லை. அவர் பெயரில் உரிமை ஏதும் எஞ்சியிருக்கவில்லை. எனினும் மக்கள் மன்றத்தில் அதற்கு நிகரான சான்று வேறில்லை.

ஓமந்தூர் இராமசாமி ரெட்டியார் முதல்வராயிருந்த சென்னை அரசு 1949இல் தலையிட்டது. மெய்யப்பர் தம் உரிமையை விலையின்றியே ஈந்தார். பெருந்தன்மை என்பதில் ஐயமில்லை. விசுவநாதனுக்கு 15,000 ரூபாயும், செல்லம்மாளுக்கும் புதல்வியர் இருவருக்கும் தலைக்கு 5,000 ரூபாயும் அளிக்கப்பட்டன. சட்டம் கைவிட்ட விதவைக்கு அரசு கொடுத்தது கடனன்று, கருணை. அக்கருணையே தேவைப்படாதவாறு சட்டம் அமைந்திருக்கலாகாதா என்ற வினா மட்டும் நிற்கின்றது. பின்னர் அரசு பாடல்களைப் பொதுவுடைமையாக்கிற்று.

பேராக் வாசகர்க்கு இங்கு மற்றொரு பாட்டு நினைவுக்கு வரலாம். பேராக் மாநில கீதத்தின் மெட்டு ‘தெராங் பூலான்’ என்ற பெயரில் ஆடரங்குகளில் எல்லாரும் பாடும் பாட்டாக உலவியது. 1957இல் அம்மெட்டே ‘நெகாராகூ’ ஆயிற்று. அதன்பின் கேளிக்கைக்கு அதனை இசைக்க இடமில்லை. 1968ஆம் ஆண்டின் தேசிய கீதச் சட்டம் அதன் மாண்பைக் காக்கின்றது. சென்னையில் அரசு வாங்கியதால் பாட்டு ஊர்ப்பொதுவாயிற்று. இங்கோ ஊர்ப்பொதுவாயிருந்த மெட்டு, அரசு ஏற்றதால் வேலிக்குள் வந்தது. இரண்டும் அவ்வவ் விடத்துக்குப் பொருந்தியனவே.

இந்நாட்டின் உரிமைச் சட்டமும் நெடுங்காலம் சிதறியே கிடந்தது. பினாங்கிலும் மலாக்காவிலும் 1911ஆம் ஆண்டுச் சட்டம் செல்லும். கடலுக்கு இப்பால் பேராக்கில் மலாய்க் கூட்டு மாநிலங்களின் தனிச் சட்டம். 1969இல்தான் ஒரே சட்டம் வந்தது. இன்று நடப்பிலிருப்பது 1987ஆம் ஆண்டுச் சட்டம். அதன்படியும் ஆசிரியர் மறைந்தபின் 50 ஆண்டு வரை உரிமை உண்டு. அக்கணக்கைப் பாரதிக்குப் பார்த்தால் 1971 முடியும்வரை காத்திருக்க வேண்டியிருக்கும்.

செல்லம்மாள் அதுவரை இருக்கவில்லை. 1955இல் அவர் காலமானார்.