குவேக்கர் என்னும் நண்பர் குழாம்

அஞ்சுகிராமத்துக்கு மேற்கே சில கல் தொலைவில் சாமித்தோப்பு இருக்கிறது. அங்குள்ள பதியின் பள்ளியறையில் சிலை இல்லை. கண்ணாடியும் அதன்முன் விளக்கும் உண்டு. வழிபடச் செல்லும் ஆடவர் தலைப்பாகை அணிந்தே உட்புகுவர். தாழ்த்தப்பட்டோர் தலைப்பாகை கட்டலாகாது என்றிருந்த திருவிதாங்கூரில், வைகுண்ட சுவாமிகள் (1809–1851) தம் மக்களைத் தலைநிமிரச் செய்த வழி அது. ஒரு முழத் துணிக்கு இத்தனை பொருளோ என்று நாஞ்சில் நாட்டார் வியக்கமாட்டார். ஆதலின், தலையில் வைத்த தொப்பியைக் கழற்ற மறுத்துத் தண்டனை ஏற்ற ஆங்கிலேயர் சிலரின் வரலாறு நமக்கு எளிதில் விளங்கும்.

உலகம் அவர்களைக் குவேக்கர் என்றழைக்கிறது. நடுங்குவோர் என்பது அதன் பொருள். அவர்களுடைய முதல்வர் ஜார்ஜ் ஃபாக்ஸ் (1624–1691). நெசவாளி ஒருவரின் மகன். செருப்புத் தைப்பவரிடம் தொழில் பயின்றவர். இறைவனின் திருவாக்கைக் கேட்டு நடுங்குங்கள் என்று அவர் கூறியபோது, 1650-இல் டார்பி நகர நீதிபதி ஏளனமாகச் சூட்டிய பெயர் இது. அவர்கள் தம்மை நண்பர்கள் என்றே அழைத்துக்கொண்டனர்.

ஒவ்வொருவர் உள்ளத்திலும் இறையொளி உண்டு என்பதே ஃபாக்ஸின் போதனை. மயிலாடியில் ரிங்கல்தௌபே 1806-இல் தொடங்கிய திருப்பணியால் நாம் அறிந்த கிறிஸ்தவத்தில் போதகரும் பிரசங்கமும் ஞானஸ்நானமும் உண்டு. நண்பர்களின் கூட்டத்திலோ இவை எவையும் இல்லை. எல்லாரும் மௌனமாக அமர்ந்திருப்பர். உள்ளம் ஏவப்பெற்றவர் எழுந்து சில சொற்கள் சொல்வர். ஆணும் சொல்லலாம், பெண்ணும் சொல்லலாம்.

எல்லாரிடத்தும் ஒளி உண்டெனில் உயர்வு தாழ்வு ஏது? ஆகவே, அவர்கள் பிரபுவையும் வேலையாளையும் ஒருமையிலேயே விளித்தனர். எவர்முன்னும் தொப்பி கழற்றவில்லை. 1670-இல் லண்டன் நீதிமன்றத்தில் வில்லியம் பென் என்பவரும் அவர் தோழரும் நின்றபோது, காவலர் கழற்றிய தொப்பிகளை மீண்டும் அணிவிக்கச் செய்து, அணிந்ததற்காகவே அபராதம் விதித்தனர். அவர்களைக் குற்றவாளிகள் எனக் கூற மறுத்த ஜூரிகளை உணவின்றி அடைத்து வைத்தனர். தீர்ப்புக்காக ஜூரிகளைத் தண்டித்தலாகாது என்னும் சட்டநெறி அவ்வழக்கின் பயனாகவே நிலைபெற்றது.

ஆனால், தமக்குத் தீங்கிழைத்தவர்முன் நிமிர்ந்து நிற்பது ஒரு சோதனை. தமக்கு அடங்கியவரை நிகராகக் கருதுவது அதனினும் கடிய சோதனை. பென் அமெரிக்காவில் 1681-இல் பெற்ற பென்சில்வேனியா மாநிலத்தில் நண்பர்கள் பலர் அடிமைகளை வைத்திருந்தனர், பென்னும் வைத்திருந்தார். 1688-இல் ஜெர்மன்டவுன் ஊரில் நால்வர் அதனைக் கண்டித்து எழுதிய விண்ணப்பம் கிடப்பில் போடப்பட்டது. ஜான் வூல்மன் (1720–1772) இளமையில் தம் முதலாளியின் ஏவலால் ஓர் அடிமைப் பெண்ணை விற்கும் பத்திரம் எழுதிக் கொடுத்தார். அந்த எழுத்து அவர் நெஞ்சை அரித்தது. பின்னர், அடிமை வைத்திருந்த நண்பர்களின் வீடுதோறும் சென்று அமைதியாகப் பேசினார். விருந்துண்ட வீட்டு அடிமைகளுக்குக் கூலி கொடுத்தார். நண்பர்கள் வாக்கெடுப்பு நடத்துவதில்லை. மனங்கள் ஒன்றுபடும்வரை காத்திருப்பர். அக்காத்திருப்பில் நெடுங்காலம் கழிந்தது. அடிமை வைத்திருப்போர்க்குத் தம் சபையில் இடமில்லை என்று பிலடெல்பியா நண்பர்கள் 1776-இல் முடிவு செய்தனர். எண்பத்தெட்டு ஆண்டுகள்! அதற்குள் எத்தனை அடிமைகள் மாண்டனரோ!

இந்தியாவுக்கு ரேச்சல் மெட்காஃப் என்னும் குவேக்கர் பெண்மணி 1866-இல் வந்தார். ஹோஷங்காபாத் அவர்களது பணிக்களமாயிற்று. தமிழர் நினைவிற் கொள்ளத்தக்கவர் மார்ஜரி சைக்ஸ் அம்மையார் (1905–1995). 1928-இல் சென்னைக்கு வந்து வேப்பேரி பெண்டிங்க் பெண்கள் பள்ளியில் ஆசிரியரானார், தமிழ் கற்றார், நண்பர் குழாத்தில் சேர்ந்தார். சாந்திநிகேதனிலும் சேவாகிராமத்திலும் பணியாற்றிக் கோத்தகிரியில் வாழ்ந்தார். 1960-களில் நாகாலாந்தின் சமாதானத்துக்காகவும் உழைத்தார். ஏழைகளுக்கேற்ற சிக்கன வீடுகளைத் திருவனந்தபுரத்தில் கட்டிய லாரி பேக்கரும் (1917–2007) குவேக்கரே. இரு போர்களிலும் துன்புற்றோர்க்கு ஆற்றிய தொண்டுக்காக, பிரிட்டிஷ், அமெரிக்க நண்பர்களின் சேவைக் கழகங்கள் 1947-இல் சமாதானத்துக்கான நோபல் பரிசைப் பெற்றன.

நம் திருவிதாங்கூரிலும் மனிதரை விற்றும் வாங்கியும் வயலில் உழைக்க வைத்த வழக்கம் இருந்தது. 1855-ஆம் ஆண்டின் அரசாணை அதனை ஒழித்தது. ஆணை ஒழித்ததை மனம் ஒழித்ததா? தம் தொப்பியின் மானத்தை உடனே உணர்ந்த நண்பர்களுக்கே, தம் வயலில் குனிந்து நின்றவரின் மானம் விளங்க எண்பத்தெட்டு ஆண்டுகள் ஆயின. சாமித்தோப்புக் கண்ணாடியில் நம் முகத்தைக் காண்கிறோம். அதே ஒளியை அடுத்தவர் முகத்திலும் காண இன்னும் எத்தனை ஆண்டுகள் வேண்டுமோ?