பக்கிங்காம் கோமகனின் ஆளுநர் பணி: தாது வருடப் பஞ்சத்தை முன்வைத்து

முன்னுரை

கால்வாய் ஒன்றின் பெயரால் தமிழகத்தில் அறியப்படுபவர் மூன்றாம் பக்கிங்காம் கோமகன் (1823–1889). தந்தையின் கடன்களால் 1848இல் அவர்தம் மாளிகைப் பொருள்கள் ஏலம் போயின. இலண்டன் வடமேற்கு இரயில்வேயின் தலைவராகவும் குடியேற்ற நாடுகளின் அமைச்சராகவும் பணியாற்றிய அவர், 1875இல் சென்னை மாகாண ஆளுநரானார். அவரது பொதுப்பணியை மதிப்பிட உரைகல்லாக அமைவது 1876–78 பஞ்சமாகும்.

தானியமும் கூலியும்

மழை பொய்த்ததும் சென்னை அரசு 30,000 டன் தானியம் வாங்கியது. இது தனியார் வணிகத்தில் தலையிடுவதாகும் என இந்திய அரசு கண்டித்தது. வைஸ்ராய் லிட்டன் அனுப்பிய சர் ரிச்சர்ட் டெம்பிள், நிவாரணப் பணியாளரின் கூலியை நாளொன்றுக்கு 1 பவுண்டு தானியமும் சிறு காசும் எனக் குறைத்தார். உழைக்கும் உடலுக்கு இவ்வளவு போதாதென மாகாணச் சுகாதார ஆணையர் கார்னிஷ் வாதிட்டார். 1877இலேயே கூலி உயர்த்தப்பட்டது. ஆயினும் அதற்குள் பல உயிர்கள் மடிந்திருந்தன. அவ்வாண்டு ஆகஸ்டில் சென்னையிலிருந்து விடுத்த வேண்டுகோளால் இலண்டனில் மான்ஷன் ஹவுஸ் நிதி திரண்டது.

கால்வாய்

கூவத்தையும் அடையாற்றையும் இணைக்கும் ஏறத்தாழ 8 கி.மீ. பகுதி 1877–78இல் நிவாரணப் பணியாக வெட்டப்பட்டது. 1806இல் தொடங்கிய பழைய கால்வாயும் 1878இல் ஆளுநரின் பெயரைப் பெற்றது.

முடிவுரை

கோமகனின் ஆட்சி முன்கூட்டியே தானியம் வாங்கியது. மேலாணைக்குப் பணிந்து கூலியையும் குறைத்தது. அவ்விரண்டையும் சேர்த்தே அவரை மதிப்பிட வேண்டும். கால்வாயை, அக்கூலிக்கு மண் சுமந்த மக்களின் உழைப்புச் சான்றாக வாசிப்பதே வரலாற்றுக்குப் பொருந்தும்.