டெரன், மாயா (1917–1961)

அமெரிக்கச் சோதனைத் திரைப்படக் கலைஞர், எழுத்தாளர். நடனம், காட்சிக்கலை, சடங்கு ஆவணம் மூன்றையும் கேமராவின் வழி இணைத்தவர். கீவ் நகரில் யூதக் குடும்பத்தில் எலியனோரா டெரன்கௌஸ்கி என்ற பெயரில் பிறந்தார். குடும்பம் 1922இல் அமெரிக்காவின் சிரக்யூஸ் நகருக்குக் குடிபெயர்ந்தது. தந்தை மனநல மருத்துவர். டெரன் 1939இல் ஸ்மித் கல்லூரியில் ஆங்கில இலக்கியத்தில் முதுகலைப் பட்டம் பெற்றார்.

1941இல் நடனக் கலைஞர் கேதரின் டனமிடம் உதவியாளராகச் சேர்ந்தார். ஹெய்ட்டியின் சடங்கு நடனங்களில் அவருக்கு ஈடுபாடு பிறந்தது டனமின் நடனக் குழுவில்தான்.

1943 முதல் 1946 வரையிலான ஆண்டுகளே அவர் வாழ்வின் வளமான காலம். தந்தை விட்டுச்சென்ற பணத்தில் பழைய 16 மி.மீ. போலெக்ஸ் கேமரா ஒன்றை வாங்கினார். கணவர் அலெக்சாண்டர் ஹமீதுடன் சேர்ந்து, ஹாலிவுட்டில் தாங்கள் குடியிருந்த வீட்டிலேயே ‘மெஷஸ் ஆஃப் தி ஆஃப்டர்நூன்’ (1943) படத்தை எடுத்தார். சாவி, ரொட்டிக் கத்தி, முகத்துக்குப் பதில் கண்ணாடி கொண்ட கறுப்பு உருவம் ஆகியவை அதில் திரும்பத் திரும்ப வருகின்றன. கத்தியுடன் எழும் பெண் எடுத்துவைக்கும் ஒவ்வோர் அடியும் மணல், புல், நடைபாதை, கம்பளம் என வெவ்வேறு தரையில் பதிகிறது. இப்படத்தில் யார் பங்கு அதிகம் என்பதில் கருத்து வேறுபாடு உண்டு. ஹமீதின் கையே மேலோங்கியது என்பர் சிலர். பின்னாளைய டெரன் படங்களில் இதே நடை தொடர்வதைப் பிறர் சுட்டுவர்.

‘எ ஸ்டடி இன் கோரியாகிரஃபி ஃபார் கேமரா’ (1945) சில நிமிடங்களே ஓடுவது. ஆடுபவர் டேலி பீட்டி. காட்டில் தூக்கிய கால் வீட்டு அறையில் ஊன்றுகிறது. அங்கிருந்து ஆட்டம் அருங்காட்சியகக் கூடத்துக்குத் தாவுகிறது. இடங்கள் மாறினாலும் அசைவு அறுபடுவதில்லை. மேடையில் எந்த நடனக் கலைஞரும் ஆட முடியாத இந்த ஆட்டத்தில் கேமராவும் ஒரு துணை ஆடுநரே.

1946இல் நியூயார்க்கின் ப்ராவின்ஸ்டவுன் ப்ளேஹவுஸ் அரங்கைத் தாமே வாடகைக்கு எடுத்துத் தம் படங்களைத் திரையிட்டார். அதைக் கண்ட ஏமஸ் வோகல் மறு ஆண்டு ‘சினிமா 16’ திரைப்படச் சங்கத்தைத் தொடங்கினார். அதே 1946இல் டெரனுக்குக் குகன்ஹைம் நல்கை கிடைத்தது.

அந்த நல்கையின் துணையுடன் 1947இல் ஹெய்ட்டி சென்றார். 1954 வரை பலமுறை அங்கு தங்கினார். வூடூ சடங்குகளை ஏறத்தாழ 18,000 அடி படச்சுருளில் பதிவுசெய்தார். தாமும் தீட்சை பெற்றார். கலைப்படம் எடுக்கும் எண்ணத்துடன் போனவர், சடங்கைத் தம் கலைக்கேற்ப வளைக்க மனம் ஒப்பாமல் படத்தை முடிக்காது விட்டு, ‘டிவைன் ஹார்ஸ்மென்’ (1953) என்னும் நூலை எழுதினார். பிற்காலத் துணைவர் டெய்ஜி இட்டோவும் ஷெரல் இட்டோவும் அச்சுருள்களை அதே தலைப்பில் ஆவணப்படமாகத் தொகுத்தனர். அது வெளிவந்த ஆண்டு 1977 என்றும் 1985 என்றும் இருவேறாகக் குறிக்கப்படுகிறது.

கடைசிப் படம் ‘தி வெரி ஐ ஆஃப் நைட்’. 1961 அக்டோபர் 13 அன்று மூளை இரத்தக்கசிவால் இறந்தார். வறுமையும் சத்துக்குறைவும் ஊக்க மருந்துகளும் காரணமாயிருக்கலாம் என்பது உறுதிப்படாத கருத்து.

‘மெஷஸ்’ 1990இல் அமெரிக்கத் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் இடம்பெற்றது. 1984, 1988ஆம் ஆண்டுகளில் வெளியான விரிவான ஆவணத் தொகுப்பு அவர் வாழ்வை 1947 வரையே சொல்கிறது. ஹெய்ட்டி ஆண்டுகளுக்கு அவர் நூலே இன்றும் முதன்மைச் சான்று.