புட்டாண்டிங் பிழைத்த கதை

மூச்சுக்குழல் மாட்டிக்கொண்டு திமிங்கிலச் சுறாவின் அருகே நீந்திப் பார்க்க விரும்புகிறவர்கள் முதலில் விசாரிக்கும் ஊர்களில் ஒன்று டோன்சோல். பிலிப்பைன்ஸின் லூசோன் தீவின் தெற்கு முனையில், சோர்சோகோன் மாகாணத்தில் உள்ள மீனவ ஊர் அது. ஆறு கொண்டுவந்து சேர்க்கும் சத்தில் அந்தக் கடலில் நுண்ணுயிர்கள் பெருகுகின்றன. அவற்றைத் தின்ன உலகின் மிகப்பெரிய மீன் வருகிறது. ஊர்க்காரர்கள் அதைப் புட்டாண்டிங் என்கிறார்கள். சுற்றுலாப் பணம் வந்ததால்தான் புட்டாண்டிங் பிழைத்தது என்று டோன்சோலின் கதையைச் சுருக்கிச் சொல்வது வழக்கமாகிவிட்டது. நிகழ்ந்தவற்றை ஆண்டு வரிசையில் வைத்துப் பார்த்தால் இது பாதி உண்மைதான் என்று தெரியும். சுறாவைக் காத்தவை சட்டமும், அந்தச் சட்டத்தைத் தம்முடையதாக ஏற்றுக்கொண்ட மீனவர்களும். பணம் பிறகு வந்தது; கட்டுக்குள் இருந்த வரையில்தான் அது நன்மை செய்தது.

1990களில் பிலிப்பைன்ஸின் போஹோல் கடலில் இந்தச் சுறாவை வேட்டையாடுவது பரம்பரைத் தொழிலாக இருந்தது. பமிலாக்கான் தீவின் வேட்டைக்காரர்கள் கையில் பெரிய இரும்புக் கொக்கியோடு படகிலிருந்து சுறாவின் முதுகிலேயே குதித்துக் கொக்கியை மாட்டினார்கள். உள்ளூர்ச் சாப்பாட்டுக்காக நடந்த அந்த வேட்டையைத் தைவான் சந்தை பெரும் வியாபாரமாக்கியது. வெண்மையும் மென்மையுமான அந்த இறைச்சியைத் தைவானில் ‘டோஃபு சுறா’ என்று நல்ல விலைக்கு வாங்கினார்கள். டோன்சோலிலோ இந்த வேட்டைத் தொழில் இல்லை. 1998இன் தொடக்கத்தில், அங்கே சுறாக்கள் கூட்டமாக வருவதை முக்குளிப்பவர்கள் படமெடுக்க, செய்தி வெளியுலகுக்குப் பரவியது. அந்தப் புகழைக் கேட்டுப் பயணிகள் வந்ததுபோலவே கொலைகாரர்களும் வந்தார்கள். சில சுறாக்கள் கொல்லப்பட்டன. அதே ஆண்டு மார்ச்சில் பிலிப்பைன்ஸ் அரசு திமிங்கிலச் சுறாவையும் ஆனைத்திருக்கையையும் பிடிப்பதற்கு நாடு முழுவதும் தடை விதித்தது. டோன்சோல் நகராட்சியும் தன் கடற்பகுதியைச் சரணாலயமாக அறிவித்தது. ஆக, புகழ் முதலில் ஆபத்தைத்தான் அழைத்து வந்தது. அதைத் தடுத்து நிறுத்தியது சட்டம்.

அடுத்துச் செய்ததில்தான் டோன்சோலின் பெருமை இருக்கிறது. மேற்கு ஆஸ்திரேலியாவின் நிங்கலூவில் 1993 முதல் உரிமம் பெற்ற படகுகள் மட்டுமே பயணிகளைச் சுறாவிடம் அழைத்துச் சென்றன. அத்தகைய ஒழுங்கை டோன்சோல் தன் நிலைமைக்கு ஏற்ப வகுத்துக்கொண்டது. ஒரு சுறாவுக்கு ஒரு படகு, ஒரு படகுக்கு ஆறு நீச்சல்காரர்கள். உடலிலிருந்து மூன்று மீட்டரும் வாலிலிருந்து நான்கு மீட்டரும் விலகியிருக்க வேண்டும். தொடக் கூடாது, ஃபிளாஷ் கூடாது, காற்று உருளையோடு முக்குளிக்கக் கூடாது. இவற்றை நடைமுறைப்படுத்தும் வழிகாட்டி அலுவலர்களாக உள்ளூர் மக்களே பயிற்சி பெற்றார்கள். மீன்பிடித் தொழிலிலிருந்து வந்தவர்கள் அவர்களில் பலர். நீரின் மேல் தெரியும் நிழலை வைத்தே சுறாவைக் கண்டுகொள்ளும் மீனவனின் கண், அதைக் காக்கும் வேலைக்கே கூலி பெற்றது.

சுற்றுலா இல்லாவிட்டால் எந்த மீனவன் சுறாவை விட்டுவைப்பான் என்று கேட்கலாம். அதற்கு விடை குஜராத்தில் இருக்கிறது. வெராவல் கரையோரத்தில் 1990களின் இறுதியில் நூற்றுக்கணக்கான திமிங்கிலச் சுறாக்கள் கொல்லப்பட்டன. ஈரல் எண்ணெயைப் படகுக்குப் பூசினார்கள். இறைச்சியும் துடுப்பும் ஏற்றுமதியாயின. இந்த வேட்டையை மைக் பாண்டேயின் ஆவணப்படம் நாட்டுக்குக் காட்டியது. 2001இல் இந்தியா காட்டுயிர்ப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் திமிங்கிலச் சுறாவைச் சேர்த்தது. 2004இல் தொடங்கிய பிரசாரத்தில் ஆன்மிகச் சொற்பொழிவாளர் மொராரி பாபு அதைப் பிரசவத்துக்குத் தாய்வீடு வரும் மகளுக்கு ஒப்பிட்டார். ‘வாலி’, அன்புக்குரியவள், என்ற பெயர் நிலைத்தது. சுறாவை விடுவிக்க வலையை அறுத்தவர்களுக்கு இழப்பீடும் வழங்கப்பட்டது. அதன்பின் நூற்றுக்கணக்கான சுறாக்கள் வலையிலிருந்து உயிரோடு கடலுக்குத் திரும்பியிருக்கின்றன. நீந்திப் பார்க்கும் சுற்றுலா வேரூன்றாத கரையில் இது நடந்தது.

இன்னொரு வாதம் வலுவானது. டோன்சோலில் நாள் முழுக்கத் தேடியும் சுறா தென்படாமல் போகலாம்; செபு தீவின் ஓஸ்லோபிலோ காட்சி ஏறத்தாழ உறுதி. 2011 முதல் அங்கே மீனவர்கள் பொடி இறால் போட்டுச் சுறாக்களைக் கரையருகே நிறுத்துகிறார்கள். வறுமையில் இருந்த குடும்பங்களுக்கு வருமானம் வந்ததே, அதைக் குறை சொல்லலாமா என்கிறார்கள். அந்த வருமானம் உண்மை. அதை ஏளனம் செய்ய யாருக்கும் உரிமை இல்லை. ஆனால் விலையையும் பார்க்க வேண்டும். வலசை போகவேண்டிய சுறாக்களில் சில மாதக்கணக்கில் அங்கேயே தங்கிவிடுகின்றன. படகையும் மனிதனையும் உணவோடு இணைத்துப் புரிந்துகொள்கின்றன. அங்கு வரும் சுறாக்களின் உடலில் வடுக்கள் மிகுதி என்றும், தொடக் கூடாது, விலகி நிற்க வேண்டும் என்ற விதிகளே அங்கு பெரும்பாலும் மீறப்படுகின்றன என்றும் ஆய்வுகள் பதிவு செய்திருக்கின்றன. படகைத் தேடி வரப் பழகிய சுறா, வேட்டைக்காரனின் படகு எது என்று பிரித்தறியாது. காட்சிக்கு உத்தரவாதம் கேட்கும் பயணியே இரை போடும் கையை இயக்குகிறார்.

ஆகவே பயணத் திட்டத்தில் டிக்கெட்டுக்கு முன் வரவேண்டிய கேள்வி ஒன்று: அங்கே சுறா தன் விருப்பத்தில் வருகிறதா, இரைக்காக நிறுத்தப்படுகிறதா? டோன்சோலில் பருவம் நவம்பர் முதல் ஜூன் வரை; பிப்ரவரி முதல் ஏப்ரல் வரை வாய்ப்பு அதிகம். ஒரு நாளுக்குப் பதில் மூன்று நாள் ஒதுக்குங்கள். காணாமல் திரும்ப நேர்ந்தாலும் படகுக்காரருக்கும் வழிகாட்டிக்கும் உரிய கூலி சேர்ந்திருக்கும்; சுறாவின் சுதந்திரமும் குறையாமல் இருக்கும். இரை போட்டு நிறுத்தும் இடத்துக்குப் போகாதீர்கள்.