மகாராணியின் முக்காடும் டெவன் கிராமத்துப் பெண்களும்

மணமகளுக்கும் அவளது ஆடைக்கும் பொருந்தக்கூடிய முக்காட்டைத் தெரிவு செய்வது எவ்வாறு என்பது இன்று ஆடையகங்களில் பேசப்படும் விடயமாகும். உயரம், முகவெட்டு, ஆடையின் வேலைப்பாடு என்பவற்றைக் கருத்திற் கொள்ளுமாறு ஆலோசனை கூறுவர். ஆனால், 1840 ஆம் ஆண்டில் இங்கிலாந்தில் ஒரு மணமகள் செய்த தெரிவில் நூற்றுக்கணக்கான ஏழைப் பெண்களின் பிழைப்பும் அடங்கியிருந்தது. அந்த மணமகள் விக்டோரியா மகாராணியார்.

முக்காட்டின் வரலாறு விக்டோரியாவுக்கு மிக முற்பட்டது. பண்டைய உரோமாபுரியில் மணமகள் தீச்சுடர் நிறமுள்ள முக்காட்டை அணிந்தாள். இலத்தீன் மொழியில் ஒரு பெண் மணம்புரிவதைக் குறிக்கும் வினைச்சொல்லே முக்காடிடுதல் என்ற பொருளோடு தொடர்புடையது. விவிலியத்தின் ஆதியாகமத்தில், ஈசாக்கைத் தொலைவிற் கண்ட ரெபேக்கா முக்காட்டினால் தன்னை மூடிக்கொள்கிறாள். எனினும் இந்த மரபு இடையறாது தொடர்ந்து வந்ததன்று. பதினெட்டாம் நூற்றாண்டின் ஆங்கில மணமகள் பெரும்பாலும் தொப்பியையே அணிந்தாள். பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில், கிரேக்க பாணியிலான மெல்லிய ஆடைகள் நாகரிகமானபோதுதான் முக்காடும் மீண்டும் வந்தது.

அவ்வாறு மீண்டு வந்த முக்காட்டின் பின்னணியில் ஓர் இயந்திரம் இருந்தது. ஜோன் ஹீத்கோட் என்பவர் கையால் மட்டுமே பின்னப்பட்டு வந்த மெல்லிய வலைத்துணியை நெய்யும் இயந்திரத்தைக் கண்டுபிடித்து, 1809 இல் அதற்குக் காப்புரிமை பெற்றார். 1816 ஜூனில் லஃப்பரோ நகரிலிருந்த அவரது ஆலைக்குள் புகுந்த லடைட் கிளர்ச்சியாளர்கள் 55 இயந்திரங்களை அடித்து நொறுக்கினர். அக்குற்றத்துக்காகச் சிலர் தூக்கிலேற்றப்பட்டனர். ஹீத்கோட் தமது தொழிலைத் தென்மேற்கேயுள்ள டெவன் மாவட்டத்தின் டிவர்ட்டன் நகருக்குப் பெயர்த்துக்கொண்டார்.

அதே டெவன் மாவட்டம்தான் ஹொனிற்றன் றேந்தையின் தாயகமுமாகும். (றேந்தை என்ற நமது சொல் போர்த்துக்கேயர் விட்டுச்சென்றது.) மடியில் ஒரு தலையணையை வைத்து, அதன்மேல் குண்டூசிகளை நட்டு, சிறு மரக் கதிர்களிற் சுற்றிய நூலை மாற்றி மாற்றிக் கோத்துப் பூவும் இலையுமாகப் பின்னுவது அக்கலை. சிறுமிகளாக இருக்கும்போதே இதனைப் பழகிய கிராமத்துப் பெண்களுக்கு, பூக்களைத் தாங்கும் வலைத் தளத்தைப் பின்னுவதும் பெரும் பகுதி வேலையாக இருந்தது. அந்த வேலையை இயந்திரம் எடுத்துக்கொண்டது. கூலி வீழ்ந்தது. பூக்களைப் பின்னுவது மட்டுமே கைகளுக்கு எஞ்சியது. அதற்கும், பிரசல்ஸ் றேந்தையை விரும்பிய சீமாட்டிகளாற் கேள்வி குறைந்தது.

இந்நிலையிலேயே விக்டோரியாவின் திருமணம் நிச்சயமாயிற்று. அக்காலத்து அரச மணமகளிர்க்கு வெள்ளிச் சரிகை இழைத்த ஆடையே வழக்கம். 1816 இல் மணம்புரிந்த இளவரசி சார்லட் அணிந்ததும் அத்தகையதே. அரசி என்ற முறையில் விக்டோரியா பட்டத்து அங்கியையும் அணிந்திருக்கலாம். அவர் இரண்டையும் தவிர்த்தார். ஸ்பிற்றல்பீல்ட்ஸ் நெசவாளர் நெய்த வெண்ணிறச் சாட்டின் பட்டையும், டெவன் பெண்களின் றேந்தையையும் தெரிவு செய்தார். கடலோரக் கிராமமான பீயரிலும் அதன் சுற்றுப்புறத்திலும் 200 க்கும் மேற்பட்ட பெண்கள் அந்த வேலையில் ஈடுபட்டனர். அவ்வூரைச் சேர்ந்த ஜேன் பிட்னி என்ற பெண்மணி வேலையை மேற்பார்வை செய்தார். வேறெவரும் அதே வேலைப்பாட்டைச் செய்துகொள்ளாதவாறு, வேலை முடிந்ததும் மாதிரிகள் அழிக்கப்பட்டன என்பர்.

1840 பெப்ரவரி 10 ஆம் திகதி, சென். ஜேம்ஸ் மாளிகையின் தேவாலயத்துக்கு விக்டோரியா வந்தபோது தலையில் முடி இல்லை. தோடம்பூ வகை மலர்களாலான வளையமொன்றே இருந்தது. முக்காடு அதிலிருந்து பின்புறமாக வீழ்ந்திருந்தது. முகம் மூடப்படவில்லை. முகத்தை மூடி வரும் வழக்கம் அந்நூற்றாண்டின் பிற்பகுதியிலேயே வலுப்பெற்றது. ஆட்சிபுரியும் அரசி குடிகளின் பார்வையிலிருந்து முகத்தை மறைத்துக்கொள்ள வேண்டியதில்லை என்றும் இதனை நாம் பொருள் கொள்ளலாம். ஐந்தடி உயரமே கொண்ட அவருக்கு அந்தச் சிறிய முக்காடு பொருத்தமாகவும் அமைந்தது.

இதில் ஒரு முரண் உண்டு. அரசியின் தெரிவால் ஹொனிற்றன் றேந்தைக்குப் புகழும் கேள்வியும் கிடைத்தன என்பது உண்மை. ஆயினும், அரசியைப் பின்பற்ற விரும்பிய சாதாரண மணமகளிரால் கையால் பின்னிய றேந்தையை வாங்க இயலுமா? அவர்களுக்குக் கைகொடுத்தது ஹீத்கோட்டின் இயந்திரம் தந்த மலிவான வலைத்துணியே. அரசி காக்க முனைந்த கலையை விஞ்சி, அக்கலையை நலிவித்த இயந்திரமே உலகெங்கும் பரவியது. யாழ்ப்பாணத்திலும் கொழும்பிலும் தமிழ்க் கிறிஸ்தவ மணமகள் வெள்ளைச் சேலையோடு அணியும் மெல்லிய முக்காடும் அந்த வழியில் வந்ததே.

தமது முக்காட்டை விக்டோரியா பெட்டியிற் பூட்டி வைக்கவில்லை. 1885 இல் கடைக்குட்டி மகள் பியற்றிஸ் அதனை அணிந்தே மணம்புரிந்தார். 1861 இல் கணவர் அல்பேட் இறந்தபின் நாற்பதாண்டு காலம் கறுப்புடை தரித்த மகாராணியார், 1893 இல் பேரனின் திருமணத்தின்போது அந்த மணநாள் றேந்தையைக் கறுப்புடையின்மேல் அணிந்தார். அன்று எடுக்கப்பட்ட படமே 1897 ஆம் ஆண்டின் வைரவிழாப் படமாயிற்று. 1901 ஜனவரி 22 இல் அவர் மறைந்தபோது, அவரது விருப்பப்படி வெண்ணிற ஆடையும் அந்த முக்காடும் அணிவிக்கப்பட்டே அடக்கம் செய்யப்பட்டார்.

பின்வந்த அரச மணமகளிர் தமது தெரிவில் ஒரு சமநிலையைப் பேணினர். 1947 இல், போருக்குப் பிந்திய பங்கீட்டுக் காலத்தில் மணம்புரிந்த எலிசபெத்தின் ஆடையில் ஏறத்தாழ 10,000 சிறு முத்துக்கள் பதிக்கப்பட்டிருந்தன. எனவே முக்காடு எளிய வலைத்துணியாக அமைந்தது. 2018 இல் மேகன் மார்க்கிள் இதனைத் தலைகீழாக்கினார். ஆடையில் வேலைப்பாடே இல்லை. ஐந்து மீற்றர் நீள முக்காட்டில் பொதுநலவாயத்தின் 53 நாடுகளது தாவரங்கள் கையால் தைக்கப்பட்டிருந்தன. இலங்கைக்குரிய நீலோற்பலமும் அவற்றுள் ஒன்று. துணி அழுக்குறாதிருக்கத் தையற் பெண்கள் அரைமணிக்கு ஒருமுறை கைகழுவினர் என அரண்மனை அறிவித்தது.

அரண்மனை அறிக்கைகளில் வடிவமைப்பாளரின் பெயர் இடம்பெறும். கைகழுவியவர்களின் பெயர் இடம்பெறுவதில்லை. பீயர் கிராமத்துப் பெண்கள் விடயத்திலும் ஜேன் பிட்னியின் பெயரே பெரிதும் நிலைத்தது. நமது நாட்டின் காலியிலும் வெலிகமையிலும் அதே போன்ற தலையணையையும் மரக் கதிர்களையும் கொண்டு ‘பீரளு’ றேந்தை பின்னும் பெண்களின் நிலையும் வேறல்ல. மணநாளுக்கு முக்காடு தெரிவு செய்வோர் உயரத்தையும் முகவெட்டையும் பார்க்கட்டும், அது தவறன்று. அதனைப் பின்னிய கை யாருடையது, அதற்குக் கிடைத்த கூலி எவ்வளவு என்றும் விக்டோரியாவைப் போல ஒருமுறை எண்ணிப் பார்ப்பார்களானால், அந்தத் தெரிவின் பயன் மணமேடைக்கு அப்பாலும் செல்லும்.