உப்புக்காற்றில் பிரேக் டிரம்: அந்தமானை முன்வைத்து ஒரு பழுதுநீக்க வரலாறு

தொழில்நுட்ப வரலாறு என்ற பெயரில் எழுதப்படுவனவற்றுள் பெரும்பகுதி கண்டுபிடிப்புகளின் வரலாறே. ஒரு பொருளை முதலில் யார் செய்தார் என்பது பதிவாகிறது. அது துருப்பிடித்தபின் யார் கழற்றினார் என்பது பதிவாவதில்லை. டேவிட் எட்ஜர்டன் 2006இல் வெளியிட்ட ‘தி ஷாக் ஆஃப் தி ஓல்டு’ என்னும் நூல் இக்குறையைச் சுட்டிக்காட்டியது. பயன்பாடும் பராமரிப்பும் வரலாற்றின் மையத்துக்கு வரவேண்டும் என்பது அதன் வாதம். டேவிட் ஆர்னால்டு 2013இல் சைக்கிள், தையல் இயந்திரம், தட்டச்சுப்பொறி, அரிசி ஆலை ஆகியவற்றைக் கொண்டு இந்திய நவீனத்தை எழுதிக் காட்டினார். அவ்வரிசையில் சேரத் தகுதியுடைய எளிய பொருளொன்று மோட்டார் காரின் பின்சக்கரத்துக்குள் மறைந்திருக்கிறது. அதுவே பிரேக் டிரம். அதன் வரலாற்றை எழுத அந்தமானைவிடப் பொருத்தமான இடம் இந்தியாவில் அரிது. அங்கே இரும்பு நிலத்தில் ஓடினாலும் கடலில் இருப்பதுபோலவே துருப்பிடிக்கிறது.

மே தொடங்கி டிசம்பர் வரை இரு பருவமழைகளும் பெய்யும் தீவுகள் அவை. ஆண்டு மழை ஏறத்தாழ 3000 மி.மீ.; காற்றின் ஈரப்பதம் ஆண்டு முழுவதும் உயர்ந்தே நிற்கிறது. ஈரப்பதம் ஒரு குறிப்பிட்ட எல்லையைத் தாண்டினால்தான் இரும்பின் அரிமானம் திடீரென வேகமெடுக்கும் என்பதை டபிள்யூ. எச். ஜே. வெர்னான் இரு உலகப் போர்களுக்கு இடைப்பட்ட காலத்தில் ஆய்ந்து காட்டினார். உப்புத்துகள் படிந்த பரப்பில் அந்த எல்லை இன்னும் கீழிறங்கிவிடுகிறது, ஏனெனில் உப்பு தானே காற்றிலிருந்து ஈரத்தை உறிஞ்சிக்கொள்கிறது. இந்தியாவின் அரிமான வரைபடத்தை உருவாக்கியது காரைக்குடியிலுள்ள மத்திய மின்வேதியியல் ஆராய்ச்சி நிலையம். அழகப்பச் செட்டியார் அளித்த நிலத்திலும் நிதியிலும் எழுந்த அந்நிலையத்தின் மண்டபம் கடற்கரைச் சோதனைகள் இத்துறையில் புகழ்பெற்றவை. டெல்லி இரும்புத்தூணின் துருவாமையை வியப்போர் அதன் வறண்ட சூழலையும் நினைவில் கொள்வது நல்லது. கான்பூர் ஐ.ஐ.டி.யின் ஆர். பாலசுப்பிரமணியம் காட்டியபடி, அத்தூணைக் காப்பது அதிலுள்ள பாஸ்பரஸால் உருவான மெல்லிய பாதுகாப்புப் படலம். கார் டிரம் வார்க்கப்படும் சாம்பல் வார்ப்பிரும்புக்கு அந்தப் பாக்கியம் இல்லை.

டிரம் பிரேக் தோன்றிய காரணமே வெளிச்சூழலிலிருந்து தப்பிப்பதுதான் என்பது இவ்வரலாற்றின் முதல் முரண். தொடக்கக்காலக் கார்களில் ஓர் உருளையின் வெளிப்புறத்தைச் சுற்றி ஒரு பட்டை இறுக்கிப் பிடித்தது. சேறும் மழைநீரும் பட்டைக்கும் உருளைக்கும் இடையே புகுந்தன. மலைச்சரிவில் வண்டி பின்னோக்கி உருண்டால் பட்டையின் பிடி தளர்ந்தது. 1902இல் லூயி ரெனோ பிடிக்கும் உறுப்புகளை உருளைக்குள்ளேயே வைத்தார். பிறைவடிவ ஷூக்கள் இரண்டும் உள்ளிருந்து வெளிநோக்கி விரிந்து டிரம்மின் உட்சுவரை அழுத்தின. சுழலும் டிரம் முன்ஷூவைத் தன்னோடு இழுத்து மேலும் அழுந்தச் செய்யும். ஆகவே ஓட்டுநரின் கால் கொடுப்பதைவிடக் கூடுதலான விசை சக்கரத்தில் கிடைத்தது. டெர்பிஷயரில் ஹெர்பர்ட் ஃபுரூட் 1897இல் தொடங்கிய ஃபெரோடோ நிறுவனம் ஷூவின் மேலொட்டும் லைனிங்கை வளர்த்தெடுத்தது. மால்கம் லாக்ஹீட்டின் திரவ பிரேக் 1921இல் டியூசென்பர்க் காரில் ஏறியது. அதன்பின் அரை நூற்றாண்டுக்கு இந்த அமைப்பின் அடிப்படை ஏறக்குறைய மாறவேயில்லை.

வெளிநீரைத் தடுக்கக் கட்டிய அறை, உள்ளே நுழைந்த ஈரத்தையும் வெளியேற விடுவதில்லை. உலர்ந்த நாட்டில் இது சிறு குறை. தீவில் இதுவே முழுக்கதை.

இந்தியாவில் இவ்வுறுப்பு பரவிய விதம் அரசின் கொள்கையோடு பிணைந்தது. 1953இல் சுங்கவரி ஆணையம், உள்நாட்டிலேயே உற்பத்தி செய்யும் திட்டமுள்ள நிறுவனங்கள் மட்டுமே தொடரலாம் எனப் பரிந்துரைத்தது. வெறுமனே பாகங்களைப் பூட்டி விற்றுவந்த ஜெனரல் மோட்டார்ஸும் ஃபோர்டும் மூட்டை கட்டின. இறக்குமதி சுருங்கியதால் உதிரிபாகத் தொழில் ஒன்று பிறந்தே ஆகவேண்டியிருந்தது. அதன் வலுவான தொட்டில்களில் ஒன்று சென்னை. டி.வி.எஸ். குழுமமும் இங்கிலாந்தின் லூகாஸ் நிறுவனமும் இணைந்து 1962இல் பாடியில் பிரேக்ஸ் இந்தியாவைத் தொடங்கின. 1964இல் ரானே பிரேக் லைனிங்ஸ் வந்தது. உத்தரபாராவில் 1950களின் இறுதியிலிருந்து 2014 மே வரை உருவான அம்பாசடர், தொடக்கத்தில் நான்கு சக்கரங்களிலும் டிரம் கொண்டது. ஒரே வடிவம் பல பத்தாண்டுகள் நீடித்ததால் ஒரு பட்டறையில் கற்ற கைப்பழக்கம் நாட்டின் எந்த மூலையிலும் செல்லுபடியாயிற்று. இதைத் தேக்கம் என்று பொருளியலாளர் கூறுவர். பழுதுநீக்குவோரின் பக்கமிருந்து பார்த்தால் அது ஒரு பொதுமொழி.

பின்னர் வந்த சிறு கார்களில் முன்சக்கரங்களுக்கு டிஸ்க் பிரேக் வந்தது. பின்சக்கரங்களில் டிரம் தங்கிவிட்டது. விலை குறைவு என்பதோடு ஹேண்ட்பிரேக்கை அதனுள் எளிதாகப் பொருத்தலாம் என்பதும் காரணம். பிரேக் அழுத்தும்போது வண்டியின் பாரம் முன்னே சாய்வதால் பின் பிரேக்குக்கு வேலையும் குறைவு. வேலை குறைந்தால் லைனிங் மெதுவாகத் தேயும். மெதுவாகத் தேய்வதால் ஆண்டுக்கணக்கில் யாரும் டிரம்மைத் திறந்து பார்ப்பதில்லை. திறக்காத அந்த ஆண்டுகளில் துரு தன் வேலையைப் பார்த்துக்கொள்கிறது. பின்சக்கர டிரம் இறுகிப்போவது உற்பத்திக் கோளாறன்று, அதிகம் உழைக்காததன் விளைவு.

அந்தமானில் இச்சிக்கல் கூர்மையடைந்ததற்கு நிலவியலும் பங்களித்தது. 1858 மார்ச்சில் தண்டனைக் குடியேற்றமாகத் தொடங்கிய போர்ட் பிளேர் நெடுங்காலம் படகுகளின் ஊர். ராஸ் தீவு, சாத்தம், வைப்பர் ஆகியவற்றுக்கிடையே நீரே சாலை. அக்காலத்தில் ஃபீனிக்ஸ் விரிகுடாவில் இயங்கிய பட்டறைகளில் இரும்பறிவு என்பது பெரும்பாலும் கப்பலறிவாகவே இருந்திருக்கும். மோட்டார் வண்டிக்குரிய நெடுஞ்சாலையாகிய அந்தமான் டிரங்க் ரோடு 1970களுக்குப் பின்னரே உருப்பெற்றது. அச்சாலையும் கடலைக் கைவிடவில்லை. மிடில் ஸ்ட்ரெயிட்டில் வண்டிகள் இன்றும் படகேறியே பாராடாங் செல்கின்றன. 2004 டிசம்பர் 26 நிலநடுக்கத்தில் தென் அந்தமான் ஏறத்தாழ ஒரு மீட்டர் தாழ்ந்தது. சிப்பிகாட் போன்ற இடங்களில் வயல்கள் உப்பேரிகளாயின. கடல்நீர் சக்கரத்தின் உயரத்துக்கு ஏறிவந்த நிலம் அது.

இறுகிய டிரம் இங்கே வெறும் தொல்லையன்று. ஜிர்காடாங்கிலிருந்து மிடில் ஸ்ட்ரெயிட் வரை ஜாரவா காப்பகத்தின் வழியே வண்டிகள் குறித்த நேரத்தில் அணியாகவே செல்லவேண்டும். இடையில் நிறுத்தத் தடை. அச்சாலையை மூடும்படி உச்ச நீதிமன்றம் 2002இல் ஆணையிட்டதும் அது மூடப்படாததும் இதைவிடப் பெரிய விவாதம். ஆயினும் அந்த அணியில் பின்பிரேக் பிடித்துக்கொண்ட கார் ஒன்று இருப்பின், டிரம் சூடேறி, திரவம் கொதித்து, மிதி மெத்தென்று உள்ளே போகும்; இறங்கிப் பார்க்கவோ இடமில்லை. போர்ட் பிளேரின் சரிவுத் தெருக்களில் இதற்கு எதிர்மாறான இன்னல், மழையில் ஹேண்ட்பிரேக் போட்டு விட்ட வண்டி வாரம் கழித்து அசைய மறுப்பது. வெளிநாட்டில் காரைத் தன் வீட்டிலேயே கழற்றும் பழக்கம் நடுத்தர வர்க்கத்தின் பொழுதுபோக்கு. தீவில் அது தேவையின் பிள்ளை, ஏனெனில் உதிரிபாகம் சென்னையிலிருந்தோ கொல்கத்தாவிலிருந்தோ கப்பலேறி வரவேண்டும். சென்னைக்கும் போர்ட் பிளேருக்கும் இடையே ஏறத்தாழ 1200 கி.மீ. கடல், பயணிகள் கப்பலே மூன்று நாள் எடுத்துக்கொள்ளும். அவசரத்தில் உடைத்த டிரம்முக்கு மாற்று மறுநாள் கிடைக்காது.

எனவே உடைக்காமல் கழற்றுவது எப்படி என்பதே கேள்வி. இறுகுவதற்குக் காரணம் மூன்று. மூன்றுக்கும் மருந்து வேறுவேறு. இவற்றைப் பிரித்தறியாத சுத்தியலே பெரும்பாலான சேதத்துக்குப் பொறுப்பு. முதலாவது, டிரம்மின் நடுத்துளை ஹப்பின் மேல் உட்காரும் வளையத்தில் ஏறும் துரு. இரும்பு துருவாகும்போது பன்மடங்கு பருமன் கொள்ளும். மயிரிழை இடைவெளிக்குள் அது ஆப்பாக இறங்குகிறது. இரண்டாவது, ஷூ தேய்த்த பாதைக்கு வெளியே டிரம்மின் ஓரத்தில் தேயாமல் நிற்கும் விளிம்பு; வெளியே இழுக்கும்போது ஷூக்கள் அதில் சிக்கும். மூன்றாவது, லைனிங்கே டிரம்மின் உட்சுவரோடு துருவால் ஒட்டிக்கொள்வது.

எந்த நிலையிலும் முதல் வேலை ஒன்றே. சமதளத்தில் வண்டியை நிறுத்தி, முன்சக்கரங்களுக்கு இருபுறமும் கட்டை கொடுத்து, கியரில் போட்டபின் ஹேண்ட்பிரேக்கை விடவேண்டும். ஹேண்ட்பிரேக்கை விடாமல் டிரம்மோடு மல்லுக்கட்டியவர் வரலாறு நெடுகிலும் உண்டு. ஜாக்கி தூக்குவதற்கு மட்டுமே, தாங்குவதற்கு ஸ்டாண்டு. சக்கரத்தைக் கழற்றியதும் டிரம் கையால் சுழல்கிறதா என்று பார்ப்பதே நோயறிதல். சுழன்றும் வெளிவராவிட்டால் குற்றவாளி ஹப்போ உள்விளிம்போ; சுழலவே மறுத்தால் ஷூ ஒட்டியிருக்கிறது.

ஹப்பில் இறுகிய டிரம்முக்கு வடிவமைப்பாளரே விடை வைத்திருக்கிறார். பல கார்களின் டிரம் முகத்தில் சக்கர போல்ட்டுகளுக்கு இடையே சிறிய மரைத்துளைகள் இரண்டு இருக்கும். எதற்கென்றே தெரியாமல் பல உரிமையாளர்கள் அவற்றைக் கடந்துபோகின்றனர். பொதுவாக 8 மி.மீ. போல்ட் இரண்டை அவற்றில் செலுத்தி, அரைச்சுற்று இங்கே, அரைச்சுற்று அங்கே என மாற்றி மாற்றி முறுக்கினால் போல்ட்டின் நுனி ஹப்பை உந்த, டிரம் வெளியே நகரும். அந்த போல்ட்டின் மரை ஒரு சுற்றுக்கு 1.25 மி.மீ. முன்னேறுகிறது, 150 மி.மீ. நீள ஸ்பேனரின் முனையில் கை ஏறத்தாழ 940 மி.மீ. சுற்றி வருகிறது. ஏட்டுக்கணக்கில் இது 750 மடங்கு. உராய்வு பெரும்பகுதியைத் தின்று பத்தில் ஒன்றே எஞ்சினாலும் 75 மடங்கு. துளைக்குள் துருவிருந்தால் முதலில் எண்ணெயிட்டுச் சுத்தம் செய்யவேண்டும். ஒரே பக்கம் முறுக்கினால் டிரம் கோணி மேலும் இறுகும். இத்துடன் நடுத்துளையின் ஓரத்தில் துருநீக்கும் எண்ணெயைச் சிறிதளவு விட்டு ஓரிரவு பொறுப்பதும், போல்ட்டுகளுக்கிடையே டிரம்மின் முகத்தில் மரக்கட்டை வைத்துத் தட்டுவதும் பலன் தரும். தட்டுவதன் நோக்கம் அசைப்பதன்று, அதிர்வால் துருவின் பிடியை நொறுக்குவது. டிரம்மின் வெளிவிளிம்பில் மட்டும் அடிக்கக்கூடாது. வார்ப்பிரும்பு வளையாது, நேராக விண்டுவிடும்.

உள்விளிம்பில் சிக்கினால் அடி உதவாது, ஷூவைச் சுருக்கவேண்டும். பின்தகட்டிலுள்ள ரப்பர் மூடியை எடுத்து, அத்துளை வழியே திருப்புளியால் அட்ஜஸ்டரைத் தளர்த்துவது வழக்கம். தானே சரிசெய்துகொள்ளும் வகையில், பல்சக்கரத்தைப் பிடித்திருக்கும் நெம்புகோலை மற்றொரு திருப்புளியால் விலக்கினால்தான் அது பின்னோக்கிச் சுழலும். லைனிங் ஒட்டிய நிலையில், அதே தளர்த்தலுக்குப்பின் டிரம்மைச் சுற்றிலும் மெல்லத் தட்டி, முன்னும் பின்னும் அசைத்துப் பார்க்கலாம். தீயால் சூடேற்றுவது பட்டறைகளில் காணும் காட்சி. அருகிலேயே வீல் சிலிண்டரின் ரப்பரும் பேரிங்கின் கிரீஸும் இருப்பதால் வீட்டில் அதற்கு இடமில்லை.

டிரம் வெளிவந்ததும் உள்ளே தெரியும் சாம்பல்நிறத் தூளே இவ்வரலாற்றின் இருண்ட பகுதி. இருபதாம் நூற்றாண்டின் பெரும்பகுதிக்கு லைனிங்கின் உயிர்நாடி ஆஸ்பெஸ்டாஸ். அதன் இழை நுரையீரல் புற்றுநோயையும் மீசோதீலியோமாவையும் விளைவிக்கும் என்பது ஐயத்துக்கிடமில்லாமல் நிறுவப்பட்டுள்ளது. உச்ச நீதிமன்றம் 1995 ஜனவரியில் நுகர்வோர் கல்வி ஆராய்ச்சி மைய வழக்கில் ஆஸ்பெஸ்டாஸ் தொழிலாளரின் உடல்நலத்தை அவர்தம் வாழ்வுரிமையின் பகுதியாக ஏற்றது. ஆலைக்குள் இருந்தவருக்கேனும் ஒரு தீர்ப்புக் கிட்டியது. தெருப்பட்டறையில் வாயால் ஊதித் தூசி தட்டிய பையன்களைக் கணக்கெடுத்தவர் எவருமிலர். பெரிய நிறுவனங்கள் ஆஸ்பெஸ்டாஸ் இல்லாத லைனிங்குக்கு மாறின. எனினும் அமெரிக்கா கிரைசோடைல் ஆஸ்பெஸ்டாஸை 2024 மார்ச்சில்தான் தடைசெய்தது. இந்தியாவில் அத்தகைய முழுத்தடை இன்னும் இல்லை. பெயரில்லாப் பெட்டியில் வாங்கிய ஷூவுக்குள் என்ன இருக்கிறது என்பதைக் கண்ணால் அறிய இயலாது. ஆகையால் அந்தத் தூளை ஊதுவதோ காற்றழுத்தத்தால் விரட்டுவதோ உலர்ந்த துணியால் தட்டுவதோ கூடாது. நனைத்து, ஈரத்துணியால் துடைத்து, துணியைப் பையிலிட்டுக் கட்டி அகற்றவேண்டும், முகக்கவசம் வேண்டும், பிள்ளைகள் அருகில் நிற்கலாகாது.

மீண்டும் பூட்டுமுன் ஹப் வளையத்தைக் கம்பித்தூரிகையால் தேய்த்து, வெப்பம் தாங்கும் கிரீஸை மிக மெல்லிய படலமாகப் பூசினால் அடுத்த முறை வேலை நிமிடங்களில் முடியும். லைனிங்கில் அது ஒரு துளியும் படக்கூடாது. இருபக்கத்தையும் ஒரே நேரத்தில் பிரிக்காமல் ஒன்றை மாதிரிக்கு விட்டுவைப்பது ஸ்பிரிங்குகளின் இடத்தை நினைவில் வைக்கும் தொல்லையைக் குறைக்கும். நெடுநாள் நிறுத்தும் வண்டிக்குச் சமதளமும் கியரும் சக்கரக்கட்டையும் போதும், ஹேண்ட்பிரேக் வேண்டியதில்லை.

வரலாறு இங்கே ஒரு சுற்றுச் சுற்றி வந்திருக்கிறது. மின்காரில் மோட்டாரே வேகத்தைப் பெருமளவு குறைத்துவிடுவதால் பின்பிரேக்குக்கு முன்னிலும் வேலை குறைவு; திறந்த டிஸ்க் சும்மா இருந்தே துருவேறும். அதனால் 2020இல் ஃபோக்ஸ்வாகன் தன் ஐ.டி.3 மின்காரின் பின்சக்கரங்களுக்கு மீண்டும் டிரம்மையே தேர்ந்தது. உராயும் பரப்பு மூடிய அறைக்குள் பத்திரமாக இருக்கும் என்பது, ரெனோவின் காலத்திலிருந்து வரும் அதே நியாயம். டிரம்மின் நடுத்துளை ஹப்பின்மேல் உட்காரும் வளையமோ அன்றுபோலவே இன்றும் அந்த அறைக்கு வெளியேதான் இருக்கிறது.